நெல்லிக்கட்டை போட்ட கிணறு

திண்டிவனத்துக்குத் தெற்கே எங்கள் தெருவில் பத்தொன்பது வீடுகள். ஊர்க்கிணற்றில் எங்களைச் சேந்த விடமாட்டார்கள். அதனால் 1934இல் என் பெரியப்பா சவுரிராயன் தெருக்காரர்களைச் சேர்த்துக்கொண்டு எங்களுக்கென்று ஒரு கிணறு வெட்டினார். கிணறு வெட்டுவதுதான் அவர் தொழில். ஒரு வாய் தண்ணீர் குடித்தே ஊற்றின் லட்சணத்தைச் சொல்லிவிடுவார். வேறு யார் சொன்னாலும் காதில் போட்டுக்கொள்ள மாட்டார்.

யுத்தம் வந்ததும் மேட்டில் ஒரு தோல் கம்பெனி வந்தது. பட்டாளத்துக்குப் பூட்ஸ் வேண்டுமாம். தோல் ஊறிய உப்புத் தண்ணீரையும் சுண்ணாம்புத் தண்ணீரையும் பள்ளத்தில் திறந்துவிட்டார்கள். பள்ளத்தில் இருந்தது நாங்கள்தான். இரண்டு கோடை போவதற்குள் கிணறு கரித்தது.

பெரியம்மா இருதயமேரிதான் முதலில் சொன்னாள்.

"காலையிலேர்ந்து எரிச்சிக்கினு இருக்கேங்க, பருப்பு வேவல. தண்ணி கெட்டுப்போச்சு."

"நான் வெட்டுன கிணறு கெடாது. நெல்லிக்கட்டை போட்டா சரியாயிடும்."

உவர்த் தண்ணீரில் நெல்லிக்கட்டை போட்டால் இனிக்கும் என்பது எங்கள் பக்கத்து வழக்கம். அவர் வண்டி வண்டியாகப் போட்டார். தெருவே பார்க்க ஒரு சொம்பு குடித்துவிட்டு, "இப்போ தேவலை" என்பார். கிளம்ப நினைத்தவர்களும் அதை நம்பித் தங்கிவிட்டார்கள். வீம்புக்கும் ஓர் அளவு வேண்டாமா? இன்றும் எனக்குக் கோபம் வருகிறது. கம்பெனி மேல் பாதி, அவர் மேல் பாதி.

1943 சித்திரையில் எங்கள் தெரு தேவசகாயத்தின் கைக்குழந்தை பேதியில் போயிற்று. அடக்கம் முடிந்து வந்த பெரியப்பா, நேராகக் கிணற்றடிக்குப் போய் இராட்டினத்தைக் கழற்றினார்.

"கிளம்பலாம். நான் சொன்னது தப்பு."

அப்படி அவர் சொல்லி அன்றுதான் கேட்டேன். பத்தொன்பது வீடும் மூட்டை கட்டியது. கம்பெனியிலிருந்து ஒருவரும் எட்டிப் பார்க்கவில்லை.

பனமலை ஏரிக்குக் கிழக்கே, கல்லாய்க் கிடந்த புறம்போக்கில் குடிசை போட்டோம். அங்கேயும் ஊர்க்கிணறு எங்களுக்கில்லை. ஐம்பத்தாறு வயதில் பெரியப்பா மறுபடி கடப்பாரையை எடுத்தார். முப்பத்திரண்டு அடியில் ஊற்று கண் திறந்தது. மண் தெளிந்ததும் முதல் சொம்பை அவர் கையில் கொடுத்துவிட்டு எல்லோரும் அவர் வாயையே பார்த்தோம்.

அவர் குடிக்கவில்லை. பெரியம்மாவிடம் நீட்டினார்.

"என் நாக்க இனிமே நம்ப வேணாம் மேரி. நீ சொல்லு."

அவளும் குடிக்கவில்லை. சொம்போடு குடிசைக்குள் போய் அடுப்பை மூட்டிப் பருப்பைப் போட்டாள். தெருவே வெளியில் காத்திருந்தது. பெரியப்பா மண் அப்பிய கையோடு தரையைப் பார்த்துக்கொண்டு குந்தியிருந்தார்.

ஒரு வழியாக உள்ளேயிருந்து குரல் வந்தது.

"வெந்துடுச்சி. எல்லாரும் சேந்திக்கினு போங்க."