சிவப்பு அம்பு ஒட்டிய கட்டைகள்

எங்கள் பனியன் கம்பெனியில் முந்நூறு பேர் வேலை பார்க்கிறோம். அதில் ஜாஸ் ஃபங்க் வாசிக்கிறவன் ஒரே ஒருத்தன். அந்த ஒருத்தனும் என் லைனுக்கே வந்து சேர்ந்தான். என் ஜாதகம் அப்படி.

நான் ஜெயபாரதி, தையல் லைன் சூப்பர்வைசர். அவன் அந்தோணிராஜ், ஓவர்லாக் டெய்லர். சாத்தான்குளம் பக்கத்திலிருந்து பத்தொன்பது வயதில் திருப்பூருக்கு வந்தவன். வந்த வருடமே ஒரு பழைய கீபோர்டு வாங்கினான். அதில் ஒரு பட்டன் மாட்டிக்கொண்டு, சுவிட்ச் போட்டால் தானாகவே ஒரே இசை ஓடும். அது நொண்டி நொண்டிப் போகும், இதோ விழப்போகிறது என்று பார்த்தால் விழாது. வேறு யாராக இருந்தாலும் கடைக்காரன் சட்டையைப் பிடித்திருப்பார்கள். இவன் ஆறு மாதம் அதையே கேட்டு, அதற்கு ஜாஸ் ஃபங்க் என்று பேர் என்பதைச் செல்போனில் கண்டுபிடித்து, அப்படியே வாசிக்கப் பழகிவிட்டான். பாட்டும் அவனே கட்டுவான். நூல் அறுந்தது, கரண்ட் போனது, கறிக்குழம்பு தீர்ந்தது, இதெல்லாம்தான் பாட்டு.

இதுவரை பதினேழு வருடம் ஆயிற்று. கல்யாணம், காதுகுத்து, கோயில் நோம்பி என்று எத்தனையோ மேடை ஏறிவிட்டான். ஆனால் தன் சொந்தப் பாட்டு ஒன்றைக்கூட ஜனங்கள் முன்னால் முழுசாக முடித்ததில்லை.

ஊத்துக்குளியில் ஒரு கல்யாணம். பாட்டு நடுவில் இவன் அந்த நொண்டிச் சுரங்களைத் தட்ட ஆரம்பித்ததும் பெண்ணின் தாய்மாமன் மேடையேறி வந்தார்.

"ஏனுங்க தம்பி, பொட்டி ரிப்பேருங்களா? எங்கூரு எலெக்ட்ரீசியன் பந்தியிலதான் இருக்கறாருங்க. வரச் சொல்லட்டுங்களா?"

சொன்னதோடு விடவில்லை, வரவழைத்தும் விட்டார். எலெக்ட்ரீசியன் ரசம் காயாத கையோடு கீபோர்டின் பின்பக்கத்தைக் கழற்றினார்.

குன்னத்தூரில் பாதிப் பாட்டில் மைக்கைப் பிடுங்கி, பந்திக்கு வழியை அடைத்து நின்ற பைக்கை எடுக்கச் சொன்னார்கள். மைக் திரும்பி வரவே இல்லை. சாமளாபுரத்தில் கரண்ட் போயிற்று. பாட்டு முடிந்துவிட்டது என்று நினைத்துக் கூட்டம் கை தட்டியது. அவன் வாங்கிய முதல் கைதட்டல் அதுதான். சர்ச்சில் சாமியாரே கூப்பிட்டு, "தம்பி, மொதல்ல உன் சுரங்கள் மனந்திரும்பட்டும்" என்றாராம்.

இவன் பெண்டாட்டி சித்ராதேவி எங்கள் கம்பெனியிலேயே செக்கிங்கில் இருக்கிறாள். ஓட்டை, எண்ணெய்க் கறை, தையல் விட்ட இடம் எதுவும் அவள் கண்ணுக்குத் தப்பாது. குறை கண்ட இடத்தில் சின்னதாய்ச் சிவப்பு அம்பு ஸ்டிக்கர் ஒட்டுவாள். அம்பு ஒட்டிய பீஸ் சரியாகித் திரும்பி வராமல் பேக்கிங்குக்குப் போகாது. ஒரு ஞாயிற்றுக்கிழமை அவன் வீட்டில் வாசிக்கும்போது பக்கத்தில் உட்கார்ந்து கேட்டாள். காது கூசிய இடத்திலெல்லாம் அந்தக் கட்டையில் ஒரு அம்பு ஒட்டினாள். மொத்தம் ஏழு கட்டை.

"இதுகளத் தொடாம வாசிங்க. பாட்டு நல்லாருக்கும்."

"இதுகளத் தொடாட்டா அது பாட்டே இல்லட்டி."

அதற்கப்புறம் இரண்டு வாரம் அவர்கள் பேசிக்கொண்டது என் மூலமாகத்தான். என் சாப்பாட்டு நேரம் போனது போனதுதான். ஸ்டிக்கரை அவனும் பிய்க்கவில்லை. ஒட்டினவர்கள் எடுத்தால்தான் செல்லும் என்பது கம்பெனி வழக்கம்.

இந்த வருடம் ஆயுத பூஜைக்கு முதலாளி வெள்ளியங்கிரி அவனுக்குப் பாடப் பத்து நிமிடம் கொடுத்தார். சித்ராதேவி என்னிடம் வந்தாள்.

"அக்கா, நீங்கதான் சாட்சி. ஒரு பாட்டு முழுசா முடிக்கட்டும். இந்தத் தடவையும் பாதியில நின்னா பொட்டிய சர்ச்சுக்குக் குடுத்திரணும். போற எடத்துலயெல்லாம் அவர ஆளுக சிரிக்காவ. என்னால பாத்துட்டு இருக்க முடியலக்கா."

அந்தோணியும் சரி என்று தலையாட்டினான். அவன் முகத்தைப் பார்க்க எனக்கே பாவமாக இருந்தது.

பூஜையன்று கீபோர்டைப் பத்திரமாக வை என்று ஆயிரம் தடவை சொன்னேன். இந்த மகராசன் அதைத் தன் ஓவர்லாக் மெஷின் பக்கத்திலேயே வைத்துவிட்டு வேட்டி மாற்றப் போனான். கருப்பாத்தாளம்மா சந்தனக் கிண்ணத்தோடு ஒவ்வொரு மெஷினாகப் பொட்டு வைத்துக்கொண்டு வந்தார். கம்பெனி தொடங்கிய நாளிலிருந்து கூட்டிப் பெருக்குகிறவர். பூஜை விஷயத்தில் முதலாளியே அவர் பேச்சைத் தட்ட மாட்டார். ஒயர் இருப்பதெல்லாம் அவருக்கு ஆயுதம். கீபோர்டுக்கும் மூன்று பொட்டு, செவ்வந்திச் சரம், கற்பூரம் எல்லாம் ஆயிற்று.

மைக்கில் பேர் கூப்பிட்டதும் அந்தோணி கீபோர்டைத் தூக்கப் போனான். கருப்பாத்தாளம்மா கையைப் பிடித்துக்கொண்டார்.

"பூச போட்ட ஆயுதத்த இன்னைக்குத் தொடலாங்களா சாமி? நாளைக்கு எடுத்துக்கலாம்."

முதலாளி, "அந்தம்மா சொன்னாச் சரியாத்தானுங்க இருக்கும்" என்றார். பத்து நிமிடமும் பொரி கொடுப்பதில் போயிற்று.

நான் சித்ராதேவியைப் பார்த்தேன். ஜெயித்த முகமாக அது இல்லை. மெதுவாக என் காதில் சொன்னாள்: "பாதியில நின்னாத்தானக்கா பேச்சு. இன்னும் ஆரம்பிக்கவே இல்லியே."

மறுநாள் விஜயதசமி. லீவுதான், ஆனால் ஷிப்மென்ட் தலைக்கு மேல் இருந்ததால் நாற்பது பேர் வந்திருந்தோம். அன்று ஆளுக்கு ஒரு பீஸ் தைத்து மெஷினைத் தொடங்குவது வழக்கம். கருப்பாத்தாளம்மா நடுவில் நின்று சொன்னார்: "எடுத்தத முழுசா முடிச்சுப்போட்டுத்தான் எந்திரிக்கோணும். இன்னைக்கு அரகொறையா வெச்சா வருசம் பூராவும் அரகொறதான்."

அந்தோணி கீபோர்டு முன்னால் உட்கார்ந்தான்.

மெஷின்கள் ஓடி நின்று ஓடின. அந்தத் தாளத்திலேயே அவன் பாட்டும் ஏறியது. அம்பு ஒட்டிய கட்டைகளைத் தேடித் தேடித் தட்டினான். நூல் அறுந்த கதையைப் பாடினான். நாலாவது நிமிடம் மேனேஜர் மோகன்ராஜ் ஓடி வந்து, "போதும் அந்தோணி, பீஸு வேணும்" என்றார்.

கருப்பாத்தாளம்மா விளக்குமாற்றைக் குறுக்கே நீட்டினார். "ஆயுதம் ஓடீட்டிருக்குதுங்க. நிறுத்துனா ஆகாதுங்க."

மேனேஜர் துணிக் கட்டின் மேல் உட்கார்ந்தார். வேறு என்ன செய்வார்?

ஒன்பதாவது நிமிடம் பாட்டு முடிந்தது. ஒவ்வொரு மெஷினாக நின்றுவிட்டிருந்தது. முடிவு வரைக்கும் போய்ப் பழக்கமில்லாததால், எழுந்திருப்பதா உட்கார்ந்திருப்பதா என்று அவனுக்குத் தெரியவில்லை. எங்களுக்கும் கை தட்டத் தோன்றவில்லை.

சித்ராதேவி எழுந்து வந்தாள். நகத்தால் ஒவ்வொரு அம்பாக உரித்துத் தன் புறங்கையில் ஒட்டிக்கொண்டாள். ஆறு அம்பு உரித்தாள். ஏழாவதை மட்டும் விட்டுவிட்டாள்.

"இது மட்டும் தப்புதான். பல்லவிய ரெண்டாவது தடவ பாடி முடிச்சதும் ஒண்ணு அடிச்சீங்களே, அது."

அந்தோணி அந்தக் கட்டையை ஒரு தடவை தட்டிப் பார்த்தான்.

"ஆமாட்டி. அது தெரியாமக் கை பட்டது" என்றான். சொல்லும்போதே அழுதுவிட்டான்.