வெட்டக்கூடாத விலங்கு

“...கையைக்கூட வெட்டுங்க தம்பி, விலங்கை மட்டும் வெட்டிடாதீங்க. பழைய காலத்து மேஜிக்காரர் ஒருத்தர் மாட்டின விலங்கு இது.”

பதுளை பஜாரில், நான் போயிருந்த வெல்டிங் கடையில், வெட்டாமல் கழற்றித் தரச் சொல்லிக் கடைக்காரரிடம் இப்படிக் கெஞ்சியவரும் ஒரு மேஜிக்காரர்தான். சாயம் பூசிய மீசை, மின்னும் கறுப்புக் கோட்டு. பழைய மேஜிக் சாமான் எங்கே கிடைத்தாலும் வாங்கிச் சேர்ப்பார். வாங்கியதை உடனே மாட்டிப் பார்ப்பார். அன்று விலங்குக்குள்ளேயே சாவி முறிந்துவிட்டது. நாலு மணிக்குப் பூனாகலைத் தேயிலைத் தோட்டப் பள்ளிக்கூடத்தில் நிகழ்ச்சி.

“வெட்டாம எப்படிண்ணே ஷோ காட்டுவீங்க?” என்றார் கடைக்காரர்.

“கடைசி ஐட்டமே விலங்கை அவுக்குறதுதான் தம்பி. இன்னைக்கு அதை விட்டுடுறேன்.”

கடைக்காரர் சிரித்தபடியே வெட்டும் மெஷினைப் போட்டார். சத்தம் கேட்டதுதான் தாமதம், மேஜிக்காரர் எழுந்து ஓடினார். கைதி தப்பிவிட்டான் என்று ஜனங்கள் பயந்து ஒதுங்கினார்கள். புறப்பட்ட பஸ்ஸில் தாவி ஏறியவர், விலங்கோடு இரண்டு கைகளையும் தூக்கி எனக்கு டாட்டா காட்டினார்.