மறைக்காமல் கொண்டுபோன துவக்கு

ஞாயிற்றுக்கிழமை காலை ஆறு மணிக்கு, ஒரு வாகனமும் இல்லாத லிட்கம் தெருவில், பச்சை விளக்கு எரியட்டும் என்று ஒரு மனுசன் காத்துக்கொண்டு நின்றால் அது கேதீஸ்வரனாகத்தான் இருக்கும். வயது நாற்பத்தைந்து. குசினி அலுமாரிகள் செய்கிற தொழிற்சாலையில் தச்சுவேலை. பன்னிரண்டு வருசத்துக்கு முன் ஊரைவிட்டு இந்த நாட்டுக்குப் படகில் வந்தவர். தற்காலிக விசாவில் இருந்துகொண்டு நிரந்தர விசாவுக்கு விண்ணப்பம் போட்டுவிட்டுக் காத்திருந்தார். அது கிடைத்தால்தான் வவுனியாவில் இருக்கும் மனைவி சிவசோதியை இங்கே கூப்பிடலாம். அதற்கு முன் பொலிசில் தன் பெயர் ஒருதரம் பதிந்தாலும் எல்லாம் பாழ் என்பது அவருடைய தீர்மானம். அதனால் கார் ஓட்டக்கூடப் பழகவில்லை. கார் எடுத்தால் ஃபைன் வரும், ஃபைன் வந்தால் பெயர் கொம்பியூட்டரில் ஏறும். கூட்டாளிகள் சிரிப்பார்கள். அவர்களுக்கென்ன, விசா வந்துவிட்டது, சிரிக்கலாம்.

இப்பேர்ப்பட்ட ஆளைத்தான் ஒரு சனிக்கிழமை பட்டப்பகலில், கையில் துவக்கோடு, நடுத்தெருவில் பொலிஸ் பிடித்தது.

எல்லாம் மகேந்திரராஜாவின் நாடகத்தால் வந்த வினை. இவர் ஓய்வுபெற்ற வங்கி உத்தியோகத்தர். மேடை என்றால் சோறு தண்ணி வேண்டாம். தமிழ்ச் சங்கத்தின் ஆண்டு விழாவுக்கு அவர் எழுதிய நாடகம் ஒரு ஆமிச் சோதனைச் சாவடியில் நடக்கிறது. ஆமிக்காரனுக்குத் துவக்கு வேண்டும் அல்லவா? கடையில் வாங்கிய பிளாஸ்ரிக் துவக்கு பச்சையும் செம்மஞ்சளுமாக இருந்தது. ஒத்திகையில் ஆமிக்காரன் அதை நீட்டியதும், பயந்து நடுங்க வேண்டியவர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள்.

“கேதீஸ், நீர் ஒண்டு செய்து தாரும். அச்சொட்டா இருக்கோணும், என்ன?” என்றார் மகேந்திரராஜா.

“மரத்திலதானே அண்ணை? செய்யலாம்.”

சட்டத்தைப் பற்றிக் கேதீஸ் யோசிக்காமல் இல்லை. துவக்கு வைத்திருந்தால் குற்றம். பைன் மரக்கட்டை வைத்திருந்தால் என்ன குற்றம்? கழித்துப் போட்ட பலகைத் துண்டுகளை முதலாளியிடம் கேட்டு வாங்கி, கேட்டுத்தான் எடுத்தேன் என்பதற்குச் சாட்சியாக அவருக்கு ஒரு மெசேஜும் அனுப்பினார். மூன்று வாரம் வீட்டுப் பின்வளவில் வைத்துச் செதுக்கினார். படம் ஒன்றும் பார்க்கவில்லை. கை தானாகப் போனது. கறுப்பு மையும் மண்ணிற வார்னிசும் பூசிக் காயவைத்தபோது, குழல் வாயைச் சுவர்ப்பக்கம் திருப்பி வைத்தார். நல்லாய் வந்திருக்கிறது என்று தனக்குத் தானே சொல்லிக்கொண்டார்.

சனிக்கிழமை ஒத்திகை. மண்டபம் நடந்துபோனால் பன்னிரண்டு நிமிசம். முதலில் அதைப் படுக்கை விரிப்பில் சுற்றினார். சுற்றிக் கக்கத்தில் வைத்துக்கொண்டு கண்ணாடியில் பார்த்தால், துவக்கை ஒளித்துக்கொண்டு போகிற ஆள் போலவே இருந்தது. ஊரில் எத்தனை சாவடி கடந்தவர் அவர்! சுற்றிக் கட்டிய மூட்டைதான் எப்போதும் வில்லங்கம். கையில் வெளிப்படையாக இருக்கிற சாமானை என்னவென்று கேட்டுவிட்டு விட்டுவிடுவார்கள். மறைத்தவனுக்குத்தான் அடி. ஆகவே விரிப்பைக் கழற்றி எறிந்துவிட்டு, துவக்கை நடுவில் பிடித்து, குழல் நிலத்தைப் பார்க்க, எல்லோருக்கும் தெரியும்படியாகத் தூக்கிக்கொண்டு நடந்தார். ஒளிக்க ஒன்றுமில்லாத மனுசனின் நடை. சிக்னலில் சிவப்பு விழ, நிற்கவும் செய்தார்.

அந்தச் சிக்னலில்தான் குழந்தைத் தள்ளுவண்டிலோடு நின்ற ஒரு பெண், பிள்ளையை வாரித் தூக்கிக்கொண்டு ஓடினாள். ஏன் ஓடுகிறாள் என்று கேதீஸும் பின்னால் திரும்பிப் பார்த்தார். ஒருவரும் இல்லை. நாலு நிமிசத்தில் இரண்டு பொலிஸ் கார்கள் வந்து குறுக்கே நின்றன. கதவு திறக்கும் முன்பே அவர் துவக்கைத் தரையில் வைத்து, முழங்காலில் இருந்து, இரண்டு கையையும் பிடரியில் கோத்துவிட்டார். யாரும் அப்படிச் செய்யச் சொல்லவில்லை. அதையும் ஒரு பொலிஸ்காரர் தன் புத்தகத்தில் எழுதிக்கொண்டார்.

அன்றைக்குப் பெயர் விலாசம் எல்லாம் எடுத்துக்கொண்டு, துவக்கையும் வைத்துக்கொண்டு, பிறகு கூப்பிடுகிறோம் என்று அனுப்பிவிட்டார்கள். அந்தப் “பிறகு” இரண்டு கிழமை, முழுசாய்ப் பதினாலு நாள். அந்த இரண்டு கிழமையும் கேதீஸ் பட்ட பாடு சொல்லி மாளாது. தபால் பெட்டியைத் திறக்கப் பயம், திறக்காமல் இருக்கவும் பயம். தொழிற்சாலையில் கவனம் தப்பி விரலை மரம் அறுக்கிற வாளுக்குக் கொடுக்கப் பார்த்தார். சிவசோதி போன் எடுத்தால், “ஒண்டுமில்லை, வேலை கூட” என்று சொல்லிச் சமாளித்தார். விசாவை மறுத்துவிடுவார்களா, பிடித்து முகாமில் அடைப்பார்களா, இன்னும் பன்னிரண்டு வருசம் காத்திருப்பா? இந்த மூன்றும் மாறி மாறி ஓடிக்கொண்டே இருந்தன.

இலவச சட்ட உதவி நிலையத்தில் ஹரிப்பிரியா என்ற வழக்கறிஞர் கிடைத்தாள். கோயம்புத்தூர்ப் பிள்ளை, முப்பது வயதுகூட இராது.

“அண்ணா, இந்த ஊர் லா என்ன சொல்லுதுன்னா, சுடுமா சுடாதா, மரமா இரும்பாங்கறது கணக்கே இல்ல. பார்க்க நிஜத் துப்பாக்கி மாதிரி இருந்தா, அதுவும் துப்பாக்கிதான். வெச்சிருக்கவே பெர்மிட் வேணும். நீங்க அதைத் தெருவுல வேற தூக்கிட்டுப் போயிருக்கீங்க.”

“மறைச்சாத்தானே பிழை, மிஸ்?”

“மறைச்சிருந்தாலும் தப்புதான். ஸ்டேட்டுக்கு ஸ்டேட் இந்த ரூல்ஸ் மாறும். ஆனா வெளிய தெரியற மாதிரி எடுத்துட்டுப் போனா சரின்னு எங்கயும் இல்ல.”

கேதீஸுக்கு அழுகை வந்தது. கட்டையும் பிழை, ஒளித்தாலும் பிழை, காட்டினாலும் பிழை. இந்தச் சட்டத்தைக் புதிதாய்க் குடியேறியவர்களுக்கான வகுப்பில் ஒருத்தரும் சொல்லித் தரவில்லையே. கடலில் நீந்தக் கூடாத இடம், கோழி எலும்பை எந்தக் கழிவுத்தொட்டியில் போடுவது என்பது எல்லாம் சொல்லித் தந்தவர்கள்.

“நமக்கு ஒரே வழிதான்,” என்றாள் ஹரிப்பிரியா. “நிஜம் மாதிரி இல்லன்னு சொல்லணும். அது நாடகத்துக்கான மரப்பொம்மை, அவ்வளவுதான். கேட்டதுக்கு மட்டும் பதில் சொல்லுங்க. தயவுசெஞ்சு அதுக்கு மேல பேசாதீங்க.”

விசாரணை அறையில் ஒரு மேசை, நாலு கதிரை, சுவரில் கமரா. விசாரித்தது ஒரு பெண் அதிகாரி. அதட்டாமல் மெதுவாகப் பேசினார். மொழிபெயர்ப்பாளர் வரவில்லை, போனில் இருந்தார். மேசையில் அந்தத் துவக்கின் படம்.

“இது நிஜத் துவக்கு மாதிரி இருக்கிறது என்று ஒத்துக்கொள்கிறீர்களா?”

“இல்லை,” என்றார் கேதீஸ்.

அந்த ஒரு சொல்லோடு நிறுத்தியிருக்கலாம். ஆனால் விசா கண்முன் போய்க்கொண்டிருக்கிற ஒருவரிடம் நிறுத்தச் சொன்னால் நிறுத்துவாரா? உண்மையில் இது துவக்கு மாதிரி இல்லவே இல்லை என்று நிரூபித்துவிட வேண்டும் என்று வேகம் வந்துவிட்டது. படத்தை இழுத்து, விரலால் தொட்டுத் தொட்டுக் காட்டினார். “பாருங்கோ, உண்மையானதில குழலுக்குக் கீழ மடிக்கிற கத்தி ஒண்டு இருக்கும், நான் வைக்கேல்லை. தோள் வார் கொழுவுற வளையம் இடப்பக்கம் வரோணும். பிடியில கை பட்டுப் பட்டு மினுக்கம் போயிருக்கும். குழல் வாய் இவ்வளவு பெரிசில்லை, இதிலயும் சின்னன்.”

மேசைக்குக் கீழே ஹரிப்பிரியா அவர் காலை மிதித்தாள். பிந்திவிட்டது. மொழிபெயர்ப்பு முடிந்ததும் அதிகாரி பேனாவைக் கீழே வைத்தார்.

“இவ்வளவும் உங்களுக்கு எப்படித் தெரியும்?”

கேதீஸ் படத்திலிருந்து விரலை எடுத்தார். இந்த நாட்டில் அவர் முகங்கொடுத்த நேர்முகம் ஒவ்வொன்றிலும் கேட்ட கேள்வி, ஆயுதம் தூக்கினாயா என்பதுதான். இல்லை என்றே சொன்னார், அதுதான் உண்மையும். இப்போது கமராவுக்கு முன்னால் இருந்து, தன் வாயாலேயே துவக்குப் பாடம் நடத்தி முடித்துவிட்டார். ஹரிப்பிரியா, “பதில் சொல்ல வேண்டியதில்லை அண்ணா,” என்று தமிழில் அவசரமாகச் சொன்னாள். சொல்லாவிட்டால் என்ன நினைப்பார்கள்? அவர் சொன்னார்.

“இரண்டாயிரத்துப் பதினொண்டில என்னைப் பிடிச்சுக்கொண்டு போனவங்கள். மூண்டு நாள். ஆமிக்காரன்ர முகத்தைப் பார்க்கக் கூடாது, பார்த்தா அடி. அதால துவக்கைத்தான் பார்த்துக்கொண்டிருந்தனான். மூண்டு நாளும் பார்க்கிறதுக்கு வேற ஒண்டும் இருக்கேல்லை.”

“குழல் வாயின் அளவு?”

கேதீஸ் வாயைத் திறந்து, விரலை உள்ளே விட்டுக் காட்டினார். போனில் இருந்த மொழிபெயர்ப்பாளருக்கு ஒன்றும் விளங்கவில்லை. “ஐயா, நீங்கள் சொன்னது கேட்கவில்லை, திருப்பிச் சொல்லுங்கோ,” என்றார்.

“வாய்க்குள்ள வைச்சவங்கள்,” என்று கேதீஸ் சத்தமாகச் சொன்னார்.

அதிகாரி எழுந்து வெளியே போனார். இருபத்தைந்து நிமிசம் வரவில்லை. ஹரிப்பிரியா தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தாள், அவர் குடிக்கவில்லை. எல்லாம் முடிந்தது என்றே இருந்தார். அதிகாரி திரும்பி வந்து, எச்சரிக்கையோடு விடுவதாகவும், வழக்கு இல்லை என்றும், மரத்துவக்கை அழிக்கச் சம்மதித்து ஒரு கையெழுத்து வேண்டும் என்றும் சொன்னார். கேதீஸ் எங்கே போடுவது என்று கேட்காமலே நாலு இடத்தில் கையெழுத்துப் போட்டார்.

“சார்ஜ் இல்லண்ணா. விசாவுக்கு இது தடையா வராதுன்னு நினைக்கிறேன்,” என்றாள் ஹரிப்பிரியா வாசலில். அந்த “நினைக்கிறேன்” அவருக்குப் பிடிக்கவில்லைதான். ஆனாலும் இரண்டு கிழமைக்குப் பிறகு மூச்சு ஒழுங்காக வந்தது.

ரயில் நிலையத்து வாங்கில் உட்கார்ந்தபடியே சிவசோதிக்கு அழைப்பு எடுத்தார். நாடகம், துவக்கு, பொலிஸ், கையெழுத்து என்று ஒரே மூச்சில் கொட்டித் தீர்த்தார். அவள், ஐயோ கடவுளே என்று நாலுதரம் சொன்னாள். பிறகு கேட்டாள்.

“எல்லாம் சரி, துவக்கைப் பற்றி உங்களுக்கு எப்பிடித் தெரியும் எண்டு கேட்டிருப்பினமே. என்ன சொன்னனீங்கள்?”

அப்போதுதான் கேதீஸுக்கு உறைத்தது. அந்த மூன்று நாள் கழித்து வீட்டுக்கு வந்தபோது அவளிடம் சொன்ன கதை வேறு. கதிரையில் இருத்தி, தேத்தண்ணி தந்து, சும்மா விசாரித்துவிட்டு அனுப்பினார்கள் என்று சொன்னவர். பதின்மூன்று வருசமாக அதை மாற்றிச் சொல்லவில்லை. இப்போது முன்பின் தெரியாத ஒரு பொலிஸ்காரிக்கு, போனில் ஒரு மொழிபெயர்ப்பாளருக்கு, சுவரில் இருக்கிற கமராவுக்கு எல்லாம் சொல்லியாகிவிட்டது.

“இஞ்சேரும் சோதி, அண்டைக்கு அவங்கள் தேத்தண்ணி தரேல்லை,” என்றார்.

அவள் அடுப்பை அணைக்கிற சத்தம் போனில் கேட்டது.

“தெரியும்,” என்றாள் பிறகு. “முன்பல்லு இரண்டும் உடைஞ்சு வந்தனீங்கள். சோறு வேண்டாம், கஞ்சி போதும் எண்டனீங்கள். பத்து நாள் கஞ்சி காய்ச்சினது நான்தானே. நீங்களாச் சொல்லுவீங்கள் எண்டுதான் இவ்வளவு காலமும் கேக்காமல் இருந்தனான்.”