பௌர்ணமிக்கு மறுநாள் வாய்தா

எங்க வீட்டுச் செவுத்துல சாக்பீஸால கோடு போட்டுட்டாங்க. கோட்டுக்கு அந்தப் பக்கம் பூரா அவங்களுதாம். என் சமையல் ரூமும் சாமி மாடமும் அதுல போயிடும். போன மாசி மாசம், பௌர்ணமி வந்த வாரம், திங்கட்கிழமை காலையில நடந்தது. அண்ணாமலையாரை நம்பிக் குடும்பம் நடத்தற உங்ககிட்ட இதைச் சொல்லாம இருந்தா நான் நன்றி கெட்டவ.

நாங்க கீழ்பென்னாத்தூர். வீட்டுக்காரர் டூரிஸ்ட் வேன் ஓட்டறார். அவரோட சித்தப்பா மகன், எனக்குக் கொழுந்தனார் முறை, அவர்தான் எங்க மனை தன்னுதுன்னு கேஸ் போட்டவர். எங்க வீட்டுக்காரர் கூண்டுல ஏறி சாட்சி சொல்ல வேண்டிய கட்டம். போன வாய்தாவுக்கு மஞ்சக்காமாலை வந்து படுத்துட்டார், போக முடியல. அடுத்த தடவையும் வரலைன்னா எதிர்ப்பக்கத்தை மட்டும் கேட்டுத் தீர்ப்பு எழுதிடுவேன்னு ஜட்ஜ் ஐயா கண்டிப்பா சொல்லிட்டாராம். வக்கீலோட குமாஸ்தா போன்ல சொன்னார். "பௌர்ணமிக்கு மறுநாள் வாய்தா, மறந்துடாதீங்க"ன்னார்.

எங்க ஊர்ப்பக்கம் தேதி சொல்றதே அப்படித்தான். கிரிவலக் கூட்டம், பஸ் நெரிசல், எல்லாம் பௌர்ணமியை வச்சுத்தானே. காலண்டர்ல செவ்வாய்க்கிழமை பௌர்ணமின்னு போட்டிருந்தது. அப்போ வாய்தா புதன்கிழமை. திங்கள் விடியக்காலையில இவர் ராமேஸ்வரம் சவாரி எடுத்துட்டுக் கிளம்பிட்டார். செவ்வாய் ராத்திரி திரும்பிடுவேன்னார்.

அவர் போன கொஞ்ச நேரத்துல கொழுந்தனார் ரெண்டு ஆளோட டேப்பை எடுத்துக்கிட்டு வந்தார். அளந்தாங்க. கோடு போட்டாங்க. நான் தடுத்தேன்.

"ஏன் அண்ணி கத்தறீங்க? சாமான் செட்டை மூட்டை கட்டி வைங்க. எனக்குத் தூக்கிப் போடற வேலை மிச்சமாகும்."

"கோர்ட்டு சொல்லட்டும், அப்புறம் வாங்க."

"சொல்லும், சொல்லும். நாளைக்கு சாயங்காலம் வரேன், காபி போட்டு வைங்க."

சிரிச்சுக்கிட்டே போனார். வாய்தா புதன்கிழமைதானே, கொழுந்தனார் ஏன் நாளைக்கு சாயங்காலம்னு சொன்னார்? வக்கீலுக்குப் போன் போட்டா சுவிட்ச் ஆஃப். குமாஸ்தா ஏதோ கல்யாணத்துக்குப் போயிருக்கார், லைனே போகல. வீட்ல ஒரு நிமிஷம் உட்கார முடியல. மரத்துல காக்கா கூட கத்தாத மாதிரி இருந்தது அன்னைக்கு. பஸ் ஏறித் திருவண்ணாமலை வந்துட்டேன்.

ஈசான்ய லிங்கத்துக்கிட்ட விளக்கு ஏத்தினேன். "அப்பா, எனக்கு ஒண்ணும் புரியல. என்ன நடக்குதுன்னு மட்டும் காட்டு"ன்னு அழுதேன். வேற எதுவும் கேட்கத் தோணல.

விபூதி குடுத்த குருக்கள், "என்னம்மா ஆச்சு?"ன்னார்.

"பௌர்ணமிக்கு மறுநாள் வாய்தா சாமி. புதன்கிழமை. மனசு சரியில்ல."

"புதனா? பௌர்ணமி இன்னைக்கு சாயங்காலமே பிறந்துடறதும்மா. ஜனம் பூரா இன்னைக்குத்தான் சுத்தும். நாளைக்கு சாயங்காலம் முடிஞ்சுடும். எந்த நாளை வச்சுச் சொன்னாங்களோ, கேட்டுக்கோங்க."

குமாஸ்தா, கிரிவலக் கூட்டம் வர்ற நாளை வச்சுச் சொல்லியிருக்கார். நாங்க காலண்டரைப் பார்த்திருக்கோம்.

வேங்கிக்கால்ல ஒரு பிரவுசிங் சென்டருக்கு ஓடினேன். கடைக்கார அம்மா கோர்ட்டு வெப்சைட்டைத் திறந்து கேஸ் நம்பரும் வருஷமும் கேட்டாங்க. சொன்னேன். ரெண்டு தடவை போட்டுப் பார்த்துட்டு, "இந்தக் கோர்ட்டுல அப்படி ஒரு கேஸே இல்லையேம்மா"ன்னாங்க.

முடிஞ்சே போச்சா? எங்களுக்குத் தெரியாமலேயே தீர்ப்பு ஆகிப் போச்சா? வெளியே கிரிவலத்துக்கு வர்ற ஜனம் "அரோகரா"ன்னு போகுது. எனக்கு அது கூட பயமா இருந்தது. கண்ணை மூடி "அருணாசலா"ன்னு மட்டும் சொன்னேன்.

"இருங்க, நம்பரை விட்டுட்டுப் பேரை வச்சு எல்லாக் கோர்ட்டுலயும் தேடுவோம். உங்க வீட்டுக்காரர் பேரு என்ன?"

வந்துடுச்சு. கேஸை வேற கோர்ட்டுக்கு மாத்தி, புது நம்பர் குடுத்திருக்காங்க. அடுத்த வாய்தா செவ்வாய்க்கிழமை. பக்கத்துலயே எதிர்வாதி சாட்சின்னு இருந்தது, எதிர்வாதின்னா எங்க வீட்டுக்காரர்தான். செவ்வாய்னா மறுநாள் காலையில. கொழுந்தனார் சொன்ன அந்த சாயங்காலம் எனக்கு அப்பத்தான் புரிஞ்சுது.

வீட்டுக்காரருக்குப் போன் பண்ணி உடனே திரும்பி வரச் சொன்னேன். புதுக்கோட்டை தாண்டியிருந்தார். சவாரிக்காரங்க கோவிச்சுக்கிட்டாங்களாம். அதுல ஒரு பெரியம்மாதான், "அண்ணாமலையார் ஊர்க்காரன், வீடு போகுதுங்கறான், விடுங்கப்பா"ன்னு சொல்லியிருக்காங்க. தெரிஞ்ச டிரைவர் ஒருத்தரை வரவழைச்சு வேனைக் குடுத்துட்டு பஸ் ஏறிட்டார். பௌர்ணமின்னு பஸ்ஸை எல்லாம் ஊருக்கு வெளியவே நிறுத்திட்டாங்க. கூட்டத்துக்குள்ள நடந்தே வந்தார்.

செவ்வாய் காலையில புதுக் கோர்ட்டு ஹாலைத் தேடிக் கண்டுபிடிச்சு நின்னோம். கொழுந்தனார் புதுச் சட்டையோட முன்னாடி உட்கார்ந்திருந்தார். டவாலி எங்க பேரைக் கூப்பிட்டார். "வந்திருக்கேன் ஐயா"ன்னு இவர் போய்க் கூண்டுல ஏறினார். கொழுந்தனார் திரும்பிப் பார்த்த பார்வை இன்னும் என் கண்ணுல நிக்குது.

தீர்ப்பு இன்னும் வரல. கொழுந்தனார் இப்பவும் எங்க தெருவுல வண்டியை மெதுவா ஓட்டிக்கிட்டுப் போறார். பயம் போயிடுச்சுன்னு பொய் சொல்ல மாட்டேன். ஆனா முன்ன மாதிரி, யாரோ சொன்னாங்கன்னு நம்பி நான் இருக்கறதில்ல. வாராவாரம் சாமி கும்பிட்டுட்டுக் கேஸ் விவரத்தை நானே பார்க்கறேன். எந்தக் கோர்ட்டு, எந்த நாள், எதுக்குன்னு வாய்விட்டுப் படிச்சு இவருக்குச் சொல்றேன்.

கேஸு, கோர்ட்டுன்னு அலையற அக்கா தங்கச்சிங்களே, ஜெயிச்சுக் குடுன்னு நான் அன்னைக்குக் கேட்கல, காட்டுன்னுதான் கேட்டேன். அண்ணாமலையார் காட்டினார். நீங்களும் கேட்டுப் பாருங்க. கேட்ட கையோட அன்னைக்கே போய் உங்க வாய்தாவை உங்க கண்ணால பாருங்க. நாம தனியா நிக்கற இடத்துல அவர் நம்மகூட நிப்பார். நான் நின்னு பார்த்துட்டேன்.