படத்துச் சுவாமியார்

கிளேட்டனில் நான் வேலை செய்யும் முதியோர் இல்லத்தில் தொண்ணூறு தாண்டிய ஆஸ்திரியர் ஒருவர் இருந்தார். உலக யுத்தம் முடிந்த காலத்தில் அவருடைய நாட்டில் மலைக்கிராமப் படங்கள் நிறைய எடுத்தார்களாம். பசுமாடு, பனிமலை, காதல், கடைசியில் மாதா கோயிலில் கல்யாணம். இருபத்து நான்கு வயதிலேயே தலை வழுக்கையாகி தொந்தியும் விழுந்துவிட்டதால், கல்யாணம் கட்டிவைக்கும் கத்தோலிக்கச் சுவாமியார் வேடம் இவருக்கு வந்தது. பிறகு வேறு வேடமே வரவில்லை.

கதாநாயகிகள் எல்லோரையும் தானே கட்டிக்கொடுத்ததாகவும், ஒருத்தியும் தனக்கு வாய்க்கவில்லை என்றும் சொல்வார். ஒருமுறை திருடன் வேடம் கேட்டு வாங்கினாராம். கடைசி நேரத்தில் இயக்குநர், அந்தத் திருடன் சுவாமியாரின் அங்கியைத் திருடிப் போட்டுக்கொள்வதாகக் கதையை மாற்றிவிட்டார். இத்தனைக்கும், கமெரா இல்லாத கோயிலுக்குள் அவர் கால்வைத்ததே கிடையாது.

போன வருடம் எதிர் அறைக்கு ஒரு ஜெர்மன் கிழவி வந்தார். ஞாபகம் கொஞ்சம் கலங்கியவர். சாப்பாட்டு மண்டபத்தில் இவரைக் கண்டதும் எழுந்துவந்து கையை முத்தமிட்டார். சிறுமியாக அந்தப் படங்களைப் பார்த்தவர். தான் நடிகன் என்று இவர் எவ்வளவோ சொல்லியும், சுவாமியாருக்கு எவ்வளவு தாழ்மை என்று கிழவி வியந்தார். தன் பாவங்களைச் சொல்ல வேண்டும், பாவசங்கீர்த்தனம் கேளுங்கள் என்றார். இவர் மறுக்கவே, கிழவி சாப்பாட்டை விட்டுவிட்டார்.

இரண்டாம் நாள், என்னோடு வேலை செய்யும் மதுரைக்காரத் தாதிப்பெண், "கேட்டாத்தான் என்னக்கா? சும்மா காது கொடுக்கட்டுமே" என்றாள்.

"அது தேவத்துரோகம், தங்கச்சி" என்றேன். நான் மன்னாரில் கத்தோலிக்கக் குடும்பத்தில் பிறந்தவள். குருப்பட்டம் பெறாத ஒருவர் பாவசங்கீர்த்தனம் கேட்பதை எங்கள் ஊரில் நினைத்தும் பார்க்கமாட்டார்கள்.

அவசரமாக எங்கள் பங்குச் சுவாமியாரை அழைத்தேன். அவர் ஜீன்ஸும் ஓடுவதற்குப் போடும் சப்பாத்துமாக வந்தார். கிழவி அவரை மேலும் கீழும் பார்த்துவிட்டு, "இந்த ஆள் நடிக்கிறான்" என்று என்னிடம் சொல்லி முகத்தைத் திருப்பிக்கொண்டார். சுவாமியாரின் முகம் சுருங்கிப்போனது.

நான் போய் நடிகரைக் கூட்டிவந்தேன். அவர் கதவருகே நின்று சட்டையின் மேல் பொத்தானைப் பூட்டினார், முதுகை நிமிர்த்தினார். அந்த நிமிடம் அவர் சுவாமியார் இல்லை என்று என்னாலேயே சத்தியம் செய்ய முடிந்திருக்காது. தணிந்த குரலில் ஜெர்மன் மொழியில் ஏதோ சொன்னார். கிழவி தலையாட்டி, பங்குச் சுவாமியாருக்கு உட்காரக் கதிரையைக் காட்டினார். நாங்கள் கதவைச் சாத்திவிட்டு வெளியே வந்தோம்.

"என்ன சொன்னீர்கள்?" என்று கேட்டேன்.

"எனக்குக் காது மந்தமாகிவிட்டது, இனிமேல் இவன்தான் என் உதவிச் சுவாமியார் என்றேன்."

அரை மணித்தியாலம் கழித்துப் பங்குச் சுவாமியார் வெளியே வந்தார். நான் நடந்ததைச் சொல்லி மன்னிப்புக் கேட்டேன். அவர் சிரித்துவிட்டு, உதவிச் சுவாமியாரான தனக்கு அடுத்த வேலை எப்போது என்று நடிகரிடமே கேட்டார். மாதத்தில் முதல் வெள்ளி என்று நடிகர் கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். சப்பாத்தையும் மாற்றச் சொன்னார்.

அன்று மத்தியானம் கிழவி சூப்பைக் குடித்து முடித்து, உப்புப் போதாது என்று எங்களைத் திட்டினார்.