முப்பத்திரண்டாவது சாவு

என் அப்பா ஒரு சினிமாவில் நான்கு விநாடி வருகிறார். வசனம் கிடையாது. பரிசலில் உட்கார்ந்து, தண்ணீரைப் பார்க்காமல், எதற்கோ காதைக் கொடுத்தபடி இருப்பார். படம் ஒரு வாரமோ பத்து நாளோதான் ஓடியது. ஆனாலும் பார்த்தவர்கள் அந்த நான்கு விநாடியை மறக்காமல் சொல்வார்கள். உங்கப்பா எங்கே நடிக்கக் கற்றுக்கொண்டார் என்று என்னிடமே கேட்டிருக்கிறார்கள். அவர் அதில் நடிக்கவே இல்லை. அது தெரிந்த ஒருத்தி என்பதால் இதை எழுதுகிறேன்.

அப்போது எனக்குப் பத்து வயது. ஒகேனக்கல்லில் அப்பா பரிசல் ஓட்டினார். சுற்றுலா வருகிறவர்கள் வாங்கிவரும் மீனை மசாலா தடவிப் பொரித்துக் கொடுக்கும் கடை அம்மாவுடையது. சினிமாக்காரர்கள் வருவதும் போவதும் எங்கள் ஊருக்குப் புதிதல்ல. கதாநாயகியைப் பார்க்க ஓடுகிற ஆசையெல்லாம் எங்களுக்கு மூன்றாம் வகுப்போடு முடிந்துவிடும். ஆனால் அந்த முறை வந்தவர்கள் அப்பாவின் பரிசலோடு அப்பாவையும் சேர்த்துக் கேட்டார்கள். வெள்ளைக்கார அதிகாரி ஒருவன் ஆற்றைக் கடக்கும்போது சுடப்பட்டுத் தண்ணீரில் விழுவான். பரிசல்காரன் அதை அசையாமல் பார்த்துக்கொண்டிருப்பான். அந்தப் பரிசல்காரன்தான் அப்பா.

மறுநாளே என் வகுப்பு முழுவதற்கும் விஷயம் தெரிந்துவிட்டது. தெரியாமல் இருக்க நான் விடவில்லை. அப்பாதான் படத்தில் இரண்டாவது ஹீரோ என்று கொஞ்சம் கூட்டியும் சொல்லி வைத்தேன். ஒருத்தி மட்டும் நம்பவில்லை. அப்பாவின் முகம் படத்தில் வராவிட்டால் வருஷம் முழுக்க அவளுடைய புத்தகப் பையையும் நானே சுமப்பதாகப் பந்தயம் கட்டினேன். அந்தப் பை எவ்வளவு கனம் என்று பந்தயம் கட்டிய பிறகுதான் தூக்கிப் பார்த்தேன்.

அதிகாரியாக நடிக்க வந்தவர் நிஜமாகவே இங்கிலாந்துக்காரர். எங்கள் ஆட்கள் அவரைத் துரை என்றே கூப்பிட்டார்கள். அறுபது வயதுக்கு மேல் இருக்கும். ஒல்லி உடம்பு, வெயிலில் சிவந்த மூக்கு. வந்த அன்றே மேலே அணையில் தண்ணீர் திறந்துவிட்டார்கள். பரிசல் போகக் கூடாது என்று போலீஸ் நிறுத்திவிட்டது. இரண்டு நாள் எல்லோரும் சும்மா உட்கார்ந்திருந்தார்கள். துரை அம்மாவின் கடையில் வந்து உட்கார்ந்தார். கூடவே சென்னையிலிருந்து வந்த உதவி டைரக்டர் அக்காவும். அவர் பேசுவதை அக்கா தமிழில் சொல்ல, நான் மீன்வாசனையோடு அவர் வாழ்க்கைக் கதையைக் கேட்டேன்.

அவர் ரொட்டிக்கடைக்காரரின் மகன். பதினேழு வயதில் நாடகக் கம்பெனியில் சேர்ந்தார். முதல் வேஷம் அரண்மனைக் காவலாளி. திரை ஏறினதும் கத்திக்குத்து வாங்கி விழ வேண்டும், பிறகு நாற்பது நிமிஷம் மேடையிலேயே பிணமாகக் கிடக்க வேண்டும். முதல் நாள் பார்க்க வந்த அவருடைய அம்மா, குத்து விழுந்ததும் எழுந்து நின்று மகன் பேரைச் சொல்லி அலறிவிட்டாராம். அவ்வளவு கூத்திலும் இவர் இமையைக்கூட அசைக்கவில்லை. அதைப் பார்த்த கம்பெனி முதலாளி, இந்தப் பையன் நன்றாகச் சாகிறான் என்று சொல்லிவிட்டார். அதிலிருந்து மேடையானாலும் சினிமாவானாலும் சாகிற வேஷம்தான். விஷம் குடித்தார், தூக்கில் தொங்கினார், கப்பலோடு முழுகினார், பால்காரராக வந்து கதவைத் தட்டிய கையோடு செத்தார். இவர் செத்த பிறகுதான் எல்லாக் கதையும் ஆரம்பிக்கும். மொத்தம் எத்தனை என்று நான் கேட்டேன். அவர் மிகுந்த பொறுப்போடு இலையில் ஒவ்வொரு மீன்முள்ளாக எடுத்து வைத்து, யோசித்து யோசித்து எண்ணினார். முப்பத்தொன்று.

மூன்றாம் நாள் தண்ணீர் குறைந்தது. உடனே தகராறும் ஆரம்பித்தது. ஆற்றில் விழுவதற்கு டைரக்டர் ஒரு இளவயது நீச்சல்காரரைச் சென்னையிலிருந்து கூட்டி வந்திருந்தார். துரை கையைக் கட்டிக்கொண்டு நின்றுவிட்டார்.

"என்னோட சாவ எதுக்கு வேற ஒருத்தர் சாகணும்னு கேக்கறாரு சார்" என்றாள் அக்கா.

டைரக்டர் தலையில் கை வைத்துக்கொண்டார். அப்பா அந்த வார்த்தையைக் கேட்டுத் துரையை ஒரு தரம் ஏற இறங்கப் பார்த்தார். அப்பாவுக்கு அவரைப் பிடித்துப்போனது அப்போதுதான் என்று நினைக்கிறேன். ஆனால் பிடித்துப்போனதே வினையாகிவிட்டது. டைரக்டர் ஒருவழியாக ஒத்துக்கொண்டதும், அப்பா மாட்டேன் என்றார்.

இதற்குக் காரணம் இருந்தது. பரிசல்காரர்களுக்கு இன்னொரு வேலையும் உண்டு. பாறையில் வழுக்கி ஆற்றோடு போகிறவர்களைத் தேடி எடுத்து வருவதும் அவர்கள்தான். சாயங்காலமானால் எல்லோரும் பரிசலைக் கவிழ்த்துத்தான் வைப்பார்கள். தண்ணீர் கசியாமலிருக்க அடியில் தார் பூசிக் காயவிடுவதும் அப்படிக் கவிழ்த்துத்தான். விடிந்தால் நிமிர்த்துவார்கள். ஆனால் பிணம் ஏற்றிய பரிசல் மூன்று நாள் நிமிராது. அடிப்பக்கத்தில் மஞ்சள் தடவி அப்படியே விட்டுவிடுவார்கள். எவ்வளவு கூட்டம் நின்றாலும் தொட மாட்டார்கள். அப்பா அதில் இம்மியும் விட்டுக்கொடுக்காதவர்.

"உசுரோட இருக்கற மனுசன செத்தாப்ல என் பரிசல்ல வெச்சுப் பாக்க முடியாதுங்க. தண்ணில வுழுவட்டும். வுழுந்து எழுந்து வந்து, எல்லாரு முன்னாலயும் வாய்விட்டுச் சிரிக்கணும். எங்க வூட்ல ஒரு வாய் சாப்புடணும். அதுக்குச் சம்மதம்னா ஏறச் சொல்லுங்க."

துரை சம்மதித்தார். சினிமாவிலும் அந்த வழக்கம் இருக்கிறது, பிணமாக நடித்தவர் கேமராவைப் பார்த்துச் சிரித்தால்தான் வீட்டுக்கு விடுவோம் என்று அக்காவும் சொன்னாள். எனக்குப் போன உயிர் திரும்பி வந்தது. பையை நினைத்துத்தான்.

கேமரா கரையில். நான் ஒரு பாறைமேல். துப்பாக்கிச் சத்தம் கேட்டது. துரை நெஞ்சைப் பிடித்து, அரைச் சுற்றுச் சுற்றி, அப்படியே பின்னால் சாய்ந்து தண்ணீருக்குள் போனார். முப்பத்தொரு தடவைப் பழக்கம் வீண்போகவில்லை. அதே நொடியில் அப்பா துடுப்பை வீசிவிட்டுக் குனிந்து, துரையைச் சட்டைக்காலரோடு பிடித்துப் பரிசலுக்குள் இழுத்துப் போட்டார்.

டைரக்டர் கத்திய கத்தல் அருவிச் சத்தத்தையும் தாண்டிக் கேட்டது. சட்டையை மாற்றி, தலையைத் துவட்டி, மறுபடியும் எடுத்தார்கள். மறுபடியும் அப்பா இழுத்துப் போட்டார். இந்தத் தடவை துரையின் மீசையில் பாதி அப்பாவின் கையோடு வந்துவிட்டது.

"நான் என்னங்க பண்றது, கை தன்னால போவுது" என்றார் அப்பா. அவர் முகத்தில் அவ்வளவு அவமானத்தை நான் பார்த்ததே இல்லை.

டைரக்டர் வேறு பரிசல்காரரைக் கூட்டி வரச் சொன்னார். நான் பாறையிலிருந்து இறங்கி ஓடிப்போய் அப்பாவின் வேட்டியைப் பிடித்துக்கொண்டு அழுதேன். ஒரே ஒரு தடவை சும்மா இருக்கக் கூடாதா என்று கெஞ்சினேன். அப்பா என் தலையைத் தொட்டார். துரைதான் ஈரத்தோடு நடுவில் வந்து நின்றார். இந்தப் பரிசல்காரர் இல்லாவிட்டால் நானும் இல்லை என்று சொல்லிவிட்டார். பிறகு அப்பாவைப் பரிசலண்டை கூட்டிப்போய், விளிம்பில் கேமராவுக்குத் தெரியாத பக்கமாக ஒரு கயிறு கட்டச் சொன்னார். விழுந்த பிறகு அந்தக் கயிற்றைப் பிடித்துக்கொண்டு பரிசலுக்குப் பின்னால் மறைந்திருப்பார். விரல் முட்டியால் பரிசலின் அடியில் தட்டிக்கொண்டே இருப்பார். மூன்று தட்டு, கொஞ்சம் நிறுத்தி மறுபடியும் மூன்று தட்டு. தட்டு கேட்கிறவரைக்கும் உயிரோடு இருக்கிறார் என்று அர்த்தம்.

அப்பா அடியில் தானே தட்டிப் பார்த்தார். பிறகு அக்காவிடம் சொன்னார்.

"தட்டறது நின்னுச்சுன்னா தூக்கிருவேன்னு சொல்லும்மா. படம் கிடமெல்லாம் பாக்கமாட்டேன்."

மூன்றாம் முறை துரை விழுந்தார். பரிசல் மெல்லச் சுற்றியது. அப்பா அசையவில்லை. துடுப்பைப் பிடித்த கை மட்டும் இறுகியிருந்தது. இமைக்காமல், மூச்சு விடாமல், காலடியில் வரும் அந்தத் தட்டலை மட்டும் கேட்டுக்கொண்டிருந்தார். படத்தில் வருகிற நான்கு விநாடி அதுதான்.

போதும் என்று டைரக்டர் சொன்னதும் அப்பா துரையை மேலே இழுத்தார். துரை நடுங்கிக்கொண்டே சிரித்தார். கேமராவைப் பார்த்து, எங்களைப் பார்த்து, ஆற்றைப் பார்த்து, வஞ்சனையில்லாமல் சிரித்தார். அம்மா ஒரு துண்டு மீனை முள் எடுத்து அவர் வாயில் ஊட்டியேவிட்டாள். ஊருக்குப் புறப்படும்போது அப்பாவும் அவரும் கையைப் பிடித்துக்கொண்டு வெகுநேரம் நின்றார்கள். ஒருவர் பேசுவது ஒருவருக்குப் புரியாது.

அடுத்த கோடை லீவில், நல்ல கூட்டமான ஒரு காலை, அக்கா போன் செய்தாள். நான்தான் எடுத்தேன். அப்பா முகம் படத்தில் வருகிறதா என்று கேட்டேன். வருது கண்ணு என்றாள், ஆனால் குரலில் சந்தோஷமே இல்லை. அப்பாவிடம் கொடுக்கச் சொன்னாள். அப்பா வாங்கி, "எப்பங்க?" என்று ஒரே வார்த்தை கேட்டார். போனை என்னிடம் திருப்பிக் கொடுத்துவிட்டு ஆற்றுக்கு நடந்தார். நான் பந்தயத்தில் ஜெயித்த சந்தோஷத்தில் பின்னாலேயே குதித்துக்கொண்டு போனேன்.

காத்திருந்த ஆட்களை அடுத்த பரிசலுக்கு அனுப்பிவிட்டு, அப்பா தன்னுடையதைக் கரையேற்றிக் கவிழ்த்தார். அம்மாவிடம் மஞ்சள் வாங்கி வரச் சொன்னார். பக்கத்துப் பரிசல்காரர்கள் ஓடிவந்து, யார் போனது, எந்தப் பாறையில் என்று கேட்டார்கள். தெரிஞ்சவரு என்றார்.

எனக்கு ஒரே கோபம். ஆற்றில் யாரும் விழவில்லை, இவர் யாரையும் எடுக்கவும் இல்லை. இங்கிலாந்தில் ஒருவர் கட்டிலில் செத்துப்போனதற்கு இங்கே பரிசலை எதற்குக் கவிழ்க்க வேண்டும்? அவர்தான் முப்பத்திரண்டு தடவை செத்தவராயிற்றே என்றுகூட அம்மாவிடம் சொன்னேன். அம்மா என் வாயில் ஒன்று போட்டாள்.

மூன்றாம் நாள் சாயங்காலம் அப்பாவைச் சாப்பிடக் கூப்பிடப் போனேன். கவிழ்ந்த பரிசலின் பக்கத்தில் குத்துக்காலிட்டு உட்கார்ந்திருந்தார். விரல் முட்டியால் அதன் அடியில் மூன்று முறை தட்டினார். காதை வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் இருந்தார். பிறகு மறுபடியும் மூன்று முறை தட்டினார்.

அடியில் தார் பூசி, அது காய்ந்துவிட்டதா என்று தட்டிப் பார்க்கிறார் போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டு, "காஞ்சிருச்சுப்பா, சாப்புட வாங்க" என்று சத்தம் போட்டேன்.