வலக்கை அடித்த மணி

பாறசாலையிலிருந்து தனுவச்சபுரத்துக் கல்லூரிக்குப் பாடம் நடத்த நான் போகும் காலைப் பேருந்தில் ஒரு கண்டக்டர் அக்கா இருந்தார். அவருடைய வலக்கை தோளுக்கு மேலே எழாது. மணிக் கயிற்றை இடக்கையால்தான் எட்டி இழுப்பார். பக்கத்தில் வந்தாலே எலுமிச்சைப் புல்லில் வடித்த புல்தைலம் மணக்கும். அதை வீட்டில் தேங்காய் எண்ணெயில் கலந்து தோளில் தேய்ப்பாராம். முதல் தடவை கலக்காமலே பூசி, தோல் எரிந்து துடித்திருக்கிறார்.

"வண்டி எடுக்க ரெண்டு மணி அடிப்போம்லா, அதுபோல ஒரு ஸ்பூன் எண்ணெய்க்கு ரெண்டு சொட்டாக்கும் டீச்சரே. அதுக்கு மேல கூடப்பிடாது."

பல மாதம் கழித்து ஒரு காலையில், நெரிசலில் அவருடைய இடக்கை டிக்கெட் மெஷினோடு மாட்டிக்கொண்டது. வலக்கை நடுங்கிக்கொண்டே காதைத் தாண்டி எழுந்து கயிற்றைப் பிடித்தது. இரண்டு மணி. வண்டி கிளம்பியது. அவர் மறுபடியும் இரண்டு அடித்தார்.

"போயிட்டுத்தானே இருக்கேன், பின்ன எதுக்கு மக்கா மணி?" என்று கத்தினார் டிரைவர்.

"வலக்கையாக்கும் அண்ணா அடிச்சது!"

குணமாக்கியது தைலமா, விடாமல் தேய்த்த தேய்ப்பா, இன்றும் எனக்குத் தெரியாது. அன்று ஆள் ஏறாத நிறுத்தங்களில்கூட அவர் வண்டியை நிறுத்தி, வலக்கையால் இரண்டு மணி அடித்துக் கிளப்பினார். கல்லூரிக்கு நேரமாகியும் நாங்கள் ஒவ்வொரு மணியையும் எண்ணிக்கொண்டிருந்தோம்.